திட்டினால் இறுகும் கதவு

வானத்தில் இரண்டு நிலவுகள் காய்ந்த காலம் அது. இப்போது ஒன்றுதான் இருக்கிறது. மற்றொன்று எங்கே போயிற்று என்று என்னைக் கேட்காதீர்கள். கேட்க வேண்டியது வேறு இருக்கிறது. சிறியவர்கள் முன்னால் உட்காருங்கள். பெரியவர்கள் பின்னால் உட்கார்ந்தாலும் காதைத் திறந்து வையுங்கள், ஏனென்றால் இந்தக் கதை உங்களுக்குத்தான்.

அந்தக் காலத்தில் ஈரேழி நாடு என்று ஒரு நாடு. அதன் வடக்கே ஒரு மலை. அந்த மலையில் நின்று எவ்வளவு கத்தினாலும் எதிரொலி வராது. மற்ற மலைகள் நாம் சொன்னதைத் திருப்பிச் சொல்லும். இந்த மலை கேட்டு வைத்துக்கொள்ளும்.

காரணம், அதன் வயிற்றில் செவியம் என்று ஓர் உலோகம் இருந்தது. மலை தோண்டுகிறவர்கள் சுரங்கத்துக்குள்ளே பாறைக்குப் பாறை நின்று, "ஏய்" என்று கூப்பிடுவார்கள். குரல் திரும்பி வந்தால் மேலே நடப்பார்கள். திரும்பாத இடத்தில் கடப்பாரையைப் போடுவார்கள்.

செவியம் நெருப்புக்கு இளகாது. மூன்று நாள் உலையில் கிடந்தாலும் எடுத்த கையைச் சுடாது. அது இளகுவது புகழ்ச்சிக்கு. அது இறுகுவது குறை சொன்னால். ஆனால் சொல்கிற குறை உண்மையான குறையாக இருக்க வேண்டும். சும்மா வாய்க்கு வந்ததைத் திட்டினால் அது அசையாது. புகழ்ச்சிக்கு அப்படி எந்த நிபந்தனையும் கிடையாது. அண்டப் புளுகாக இருந்தாலும் கேட்டு இளகும். இந்த ஒரு விஷயத்தில் செவியம் மனிதனைப் போலத்தான்.

அதை வேலை செய்யத் தெரிந்த கொல்லர் குடும்பம் நாட்டில் ஒன்றே ஒன்று. அவர்கள் பட்டறைக் கதவை அடைத்துக்கொள்வார்கள். வளைக்க வேண்டிய அளவுக்கு மட்டும், கறிக்கு உப்புப் போடுவது போல, அளந்து புகழ்வார்கள். வளைத்து முடிந்ததும், "நான் சொன்னது பொய், நான் சொன்னது பொய், நான் சொன்னது பொய்" என்று மூன்று முறை சொல்லி, மூன்று முறை வாய் கொப்பளித்துத் துப்புவார்கள். ஏன் தெரியுமா? யார் வாய் புகழ்ந்ததோ அதே வாய் திரும்ப எடுத்துக்கொள்கிற வரைக்கும் அந்தப் புகழ்ச்சி உலோகத்துக்குள்ளேயே கிடந்து அரிக்கும்.

ஈரேழி நாட்டில் கடல் போல ஒரு பேரேரி இருந்தது. ஏரிக்கரைக்கு ஒரு பக்கம் உயரத்தில் மேட்டுநகர். அங்கே அரசரும் அரண்மனைக்காரர்களும். கரைக்கு நேர் கீழே பள்ளத்தில் தாழ்நகர். அங்கே சட்டி பானை செய்கிறவர்கள், துணி வெளுக்கிறவர்கள், நெய்கிறவர்கள், முந்நூறு வீடு. ஏரிக்கும் தாழ்நகருக்கும் நடுவில் இருந்தது ஒரே ஒரு மதகுக் கதவு. மரக்கதவு மூன்று முறை உடைந்து, மூன்று முறை தாழ்நகர் மூழ்கிய பிறகு, பழைய அரசர் ஒருவர் செவியத்தால் செய்து போட்ட கதவு.

அந்தக் கதவை நிற்கவைக்க அவர் ஓர் ஏற்பாடும் செய்தார். கொல்லர் குடும்பத்துக்கு ஏரியோரத்தில் கொஞ்சம் நிலம் எழுதிவைத்தார். அதற்குப் பெயர் வசவு மானியம். அந்த நிலத்தை உழுது சாப்பிடுகிறவன் தினமும் காலையில் மதகுக்குப் போய்க் கதவைத் திட்ட வேண்டும். அவ்வளவுதான் வேலை.

நம் கதை நடக்கிற காலத்தில் அந்த வேலையைப் பார்த்தவன் பெயர் குறடன். நெட்டையன், நரைத்த மீசை, சிரித்து யாரும் பார்த்ததில்லை. விடிந்ததும் போவான். முதலில் பேச மாட்டான். கதவை மேலிருந்து கீழாகப் பார்ப்பான். விரலால் தட்டுவான். கீலில் காதை வைப்பான். தண்ணீருக்குள் இறங்கி அடியைத் தடவுவான். அதற்குப் பிறகுதான் வாயைத் திறப்பான்.

"இடது கீல் சாய்ஞ்சிருக்கு. அடியில பாசி ஒட்டிக்கிட்டு இருக்கு. நேத்து ராத்திரி காத்துக்கு அரை விரல் அசைஞ்சிருக்கே, எனக்குத் தெரியாதுன்னு நெனைப்பா? முந்நூறு வீட்டுக்காரன் உன்னை நம்பிப் படுத்துத் தூங்குறான். நீ எல்லாம் ஒரு கதவா?"

கதவு கிணுகிணு என்று இறுகும். குறடன் வீட்டுக்குப் போய்க் கஞ்சி குடிப்பான். அவன் மனைவி மாயக்கா கேட்பாள்: "இன்னிக்கு யாரைத் திட்டினே, அதையா, இல்ல அது பேரைச் சொல்லி என்னையா?" அதற்கும் அவன் சிரிக்க மாட்டான்.

இப்படியே எத்தனையோ மழைக்காலம் போயிற்று. தாழ்நகரில் ஒரு பானைகூட நனையவில்லை.

பிறகு இன்பவளவன் பட்டத்துக்கு வந்தான்.

அவனைப் பற்றி என்ன சொல்ல. பிறந்த நாளிலிருந்து அவன் காதில் ஒரு கடுஞ்சொல் விழுந்ததில்லை. அவன் தும்மினால் இசை என்றார்கள். அவன் குதிரையிலிருந்து விழுந்தால் பூமிக்கு மரியாதை செய்தார் என்றார்கள். இதையெல்லாம் சொல்லிக்கொடுத்தவர் அமைச்சர் தேனப்பர். அரசரின் பொருள் எதைப் பார்த்தாலும் மூன்று முறை வாழ்த்த வேண்டும் என்று சட்டம் போட்டவரும் அவரே. அரசரின் குடையைப் பார்த்தால் மூன்று வாழ்த்து. அரசரின் செருப்பைப் பார்த்தால் மூன்று வாழ்த்து. அரசரின் எருமை குறுக்கே வந்தால் நின்று மூன்று வாழ்த்து. எருமை மட்டும் அதைப் பொருட்படுத்தவில்லை. அரண்மனையில் புத்தியோடு இருந்த ஜீவன் அது ஒன்றுதான்.

பட்டம் ஏறிய மறுநாள் காலை இன்பவளவன் ஏரியைப் பார்க்க வந்தான். கரைமேல் குதிரையை நிறுத்தினான். கீழே மதகில் குறடன் தன் வேலையைச் செய்துகொண்டிருந்தான்.

"நீ எல்லாம் ஒரு கதவா?" என்பது அரசன் காதில் விழுந்தது.

"யார் அவன்? யாரைப் பேசுகிறான்?"

தேனப்பர் எட்டிப் பார்த்தார். கதவின் நடுவில் அரச முத்திரை இருந்தது. அவர் முகம் வெளுத்தது. வெளுக்க வேண்டிய நேரத்தில் வெளுக்கவும் சிவக்க வேண்டிய நேரத்தில் சிவக்கவும் அவருக்கு முகம் பழகியிருந்தது.

"மகாராஜா, அந்தக் கதவில் தங்கள் முத்திரை இருக்கிறது. முத்திரை இருக்கிற பொருளைத் திட்டுவது தங்களையே திட்டுவது. நாக்கு கூசுகிறது, இருந்தாலும் சொல்கிறேன். அவன் தங்களைத்தான் 'நீ எல்லாம்' என்கிறான்."

குறடனைக் கரைமேல் இழுத்து வந்தார்கள். அவன் ஈரக் காலோடு நின்றான்.

"ராசா, இது செவியம். குறை சொன்னாத்தான் நிக்கும். உங்க பாட்டன் காலத்து ஏற்பாடு. நான் திட்டலேன்னா தாழ்நகர் போயிரும்" என்றான்.

"குறையை மரியாதையாகச் சொல்ல முடியாதா?" என்று கேட்டான் அரசன்.

"சொல்லலாம். நாளையிலேருந்து 'கதவாரே'ன்னு கூப்பிட்டுச் சொல்றேன்."

"என் முத்திரை இருக்கிற பொருளுக்குக் குறை இருக்கிறது என்று சொல்வாயா?"

"இருந்தாச் சொல்லித்தான் ஆகணும்."

"இல்லை என்று சொல்லிவிடேன். உன் நிலம் உன்னிடமே இருக்கும்."

குறடன் கதவைப் பார்த்தான், அரசனைப் பார்த்தான். "இடது கீல் சாய்ஞ்சிருக்கு ராசா" என்றான்.

அன்றைக்கே நாட்டை விட்டுப் போகச் சொன்னார்கள். வசவு மானியத்தைப் பிடுங்கி அரண்மனைப் புலவருக்குக் கொடுத்தார்கள். அவர் தினமும் கதவைப் புகழ்ந்து பாட வேண்டும் என்று உத்தரவு.

குறடனும் மாயக்காவும் ஒரு கழுதைமேல் பட்டறைச் சாமானை ஏற்றிக்கொண்டு தாழ்நகர்த் தெரு வழியாகத்தான் போனார்கள். வேறு வழி இல்லை. முந்நூறு வீட்டுக்காரர்களும் வாசலில் நின்றார்கள். ஒருத்தர் வாய் திறக்கவில்லை. துணி வெளுக்கிற தும்பையாள், குறடன் உடன்பிறந்த தங்கைபோல் நினைத்தவள், கையிலிருந்த துணியை உதறி உதறிக் காயப்போட்டுக்கொண்டிருந்தாள். அது காய்ந்த துணி.

குறடன் கழுதையை ஓட்டிக்கொண்டே நடந்தான். ஆனால் யார் யார் நின்றார்கள், யார் எங்கே பார்த்தார்கள் என்பதை எல்லாம் மனதில் குறித்துக்கொண்டான். அப்படிக் குறித்துக்கொள்வது தப்பு என்று சொல்வார்கள் சிலர். அவர்களைத் தெருவில் யாரும் துரத்தியிருக்க மாட்டார்கள்.

இனி மதகின் கதையைக் கேளுங்கள்.

முதல் வருஷம் புலவர் தினமும் வந்து பாடினார். மலையே, மாமணியே, ஏரிக்கு வாய்த்த ராணியே என்றார். வருஷப் பிறப்பன்று விழா எடுத்தார்கள். கதவுக்கு மாலை போட்டார்கள். கதவைப் பார்த்து மூன்று முறை வாழ்த்தினால் மடி நிறையப் பொரியும் வெல்லமும் என்று தண்டோரா போட்டார்கள். தாழ்நகர் முழுக்க வந்து வாழ்த்தியது. பொரி வாங்கிப் போயிற்று. மாலையைக் கழற்றியபோது நார் இருந்த இடத்தில் கதவில் ஒரு பள்ளம் விழுந்திருந்தது.

"கதவுக்குக் கழுத்து வந்துவிட்டது" என்றார் தேனப்பர்.

இரண்டாம் வருஷம் பட்டு சாத்தினார்கள். பொரி இரண்டு மடி. தும்பையாள் துணி துவைக்கப் போனவள், கதவின் இடது கீலோரம் தண்ணீர் கசிவதைப் பார்த்தாள். மேட்டுநகருக்கு ஏறிப் போய்ச் சொன்னாள்.

தேனப்பர் அவளை உட்காரக்கூடச் சொல்லவில்லை. "அது கசிவு இல்லை அம்மா. அரசர்மேல் உள்ள அன்பால் கதவு ஆனந்தக் கண்ணீர் விடுகிறது. கீழே போய் எல்லோருக்கும் சொல்" என்றார்.

அவள் கீழே போய்ச் சொன்னாள். கேட்டவர்கள் நம்பினார்களா என்றால், நம்பவில்லை. நம்பாமல் இருந்தார்களா என்றால், அதுவும் இல்லை. அடுத்த விழாவுக்கு மூன்று மடி பொரி என்று பேச்சு இருந்தது.

மூன்றாம் வருஷம் இன்பவளவனே மதகுக்கு இறங்கி வந்தான். தன் வாயால் கதவுக்குப் பட்டம் கொடுத்தான். "குறையொன்றில்லாத கதவே, உலகத்தில் எனக்குப் பிறகு நிகரில்லாதது நீதான். இன்று முதல் நீ மதகுச் சக்கரவர்த்தி" என்றான். கூட்டம் வாழ்த்தியது. கதவு நடுவில் புடைத்து, வயிறு போல முன்னால் வந்தது.

"பட்டம் கிடைத்ததும் செழிப்பாகிவிட்டது" என்றார் தேனப்பர்.

அந்த வருஷம் மழை நிற்கவில்லை. ஏரி கரைதொட்டு நின்றது. ஒரு காக்கை கதவின்மேல் உட்கார்ந்து எழுந்தது. அதன் கால் பதிந்த அடையாளம் அப்படியே இருந்தது. காக்கைக் கால்தடம் பதிகிற கதவு ஒரு கடலைத் தாங்கிக்கொண்டிருக்கிறது என்பது அப்போதுதான் அரண்மனைக்கு உறைத்தது. அரசன் வந்து கட்டை விரலை வைத்து அழுத்தினான். பிசைந்த மாவில் போவது போல விரல் உள்ளே போயிற்று.

அவனுக்கு முதல் தடவையாகப் பயம் வந்தது. "திட்டுங்கள்" என்றான். "யாராவது இதைத் திட்டுங்கள்."

முதலில் புலவர் வந்தார். தொண்டையைச் சரிசெய்துகொண்டார். "பொல்லாத கதவே, பார்த்தவர் மனதைத் திருடும் கள்வனே, நிலவின் ஒளியைக் கெடுக்கும் கொடியவனே" என்று பாடினார். மூன்று வருஷப் பழக்கம். கதவு இன்னும் இரண்டு விரல் சரிந்தது. அவர் வாயைப் பொத்தி அழைத்துப் போனார்கள்.

அடுத்து படைத்தலைவர் வந்தார். மீசையை முறுக்கிக்கொண்டு, கதவின் தாயை, கதவின் தாயின் தாயை, அவளுக்கும் முந்தினவளைத் திட்டினார். பெண்கள் காதைப் பொத்தினார்கள். கதவுக்குத் தாயும் இல்லை, பாட்டியும் இல்லை. அது சும்மா இருந்தது.

மூன்றாவதாகத் தேனப்பர் வந்தார். சுற்றிலும் பார்த்தார். யார் யார் கேட்கிறார்கள் என்று எண்ணிக்கொண்டார். "கதவே, உன்னிடம் ஒரு சிறு குறை இருக்கலாம் என்று சிலர் நினைக்கக்கூடும். நான் அப்படி நினைக்கவில்லை. அவர்களும் நல்லெண்ணத்தோடுதான் நினைக்கிறார்கள்" என்றார். இதைக் கேட்டு இறுகுவதா இளகுவதா என்று கதவுக்கே தெரியவில்லை.

குறடனைத் தேடி ஆள் போயிற்று.

அவன் எல்லைக்கு அப்பால் சுண்ணாம்புக் காளவாயில் கல் சுட்டுக்கொண்டிருந்தான். குதிரையில் வந்தவன் கதவுக்குக் கழுத்து வந்ததிலிருந்து எல்லாவற்றையும் சொன்னான். குறடன் கூடையில் கல்லை எடுத்துப் போட்டபடியே கேட்டான்.

"போ. கழுத்து வந்த கதவுதானே, தன்னைத்தானே பாத்துக்கும்" என்றான்.

ஆள் கெஞ்சினான். குறடன் திரும்பவில்லை. மாயக்கா முக்காட்டை இழுத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"இந்தா, போயிட்டு வா."

"அந்த ஊருக்கா? நாம கழுதையோட போனப்ப ஒருத்தன் 'ஏன்டா'ன்னு கேட்டானா? காஞ்ச துணியை உதறினாளே ஒருத்தி, மறந்துட்டியா?"

"நான் ஏன் மறக்கிறேன். வீடு வீடாச் சொல்லுவேன், யார் எப்படி நின்னாங்கன்னு. ஆனா மூணு மழைக்காலமா நீ தூங்கலையே. தூறல் போட்டா எழுந்து உக்காந்து, இடது கீல், இடது கீல்னு முனகுறியே. இதுக்கு என்ன பதில்? போய் அவங்களையும் சேத்துத் திட்டிட்டு வா."

குறடன் கூடையைக் கீழே வைத்தான். அவன் மன்னிக்கவில்லை. ஆனாலும் போனான். மாயக்காவும் கூடவே போனாள்.

மதகுக்கு வந்ததும் வழக்கம் போல மேலிருந்து கீழாகப் பார்த்தான். தட்டினான். காதை வைத்தான். தண்ணீருக்குள் இறங்கிப் பார்த்தான். அவன் முகம் கறுத்தது. ஒரு நாழிகை திட்டினான். மூன்று வருஷத்துக் குறை அத்தனையும் வரிசையாகச் சொன்னான். கதவு ஒரு விரல் இறுகியது. பிறகு மறுபடியும் இளகியது.

அவன் கரையேறி வந்தான். கூட்டம் முழுக்க அவன் வாயையே பார்த்தது.

"என் ஒருத்தன் பேச்சு இதுக்குப் பத்தாது. உள்ளே மூணு வருஷப் புளுகு கிடக்கு. எந்த வாய் புகழ்ந்துச்சோ அந்த வாய் வந்து, கதவு முன்னாடி நின்னு, சொன்னது பொய்னு சொல்லணும். ஒவ்வொருத்தரா. நாளைப் பொழுது சாயறதுக்குள்ள" என்றான்.

முதலில் தும்பையாள் முன்னால் வந்தாள். குறடனைப் பார்க்கக் கூசி, கதவைப் பார்த்து நின்றாள்.

"நான் பொரிக்காகச் சொன்னேன். நீ ஒழுகுறது எனக்குத் தெரியும். தெரிஞ்சும் வாழ்த்தினேன். சொன்னது பொய்" என்றாள். கொஞ்சம் நின்று, "அன்னிக்குத் துணி காஞ்சுதான் இருந்துச்சு, அண்ணே" என்றாள்.

"அது தெரியும். அடுத்த ஆளை விடு" என்றான் குறடன்.

கதவின் அடியில் கிணுகிணு என்று ஒரு சத்தம் கேட்டது.

அதற்குப் பிறகு தாழ்நகர் வரிசையில் நின்றது. பானை செய்கிறவன் வந்தான். "நான் வெல்லத்துக்காகச் சொன்னேன். சொன்னது பொய்." நெய்கிறவன் வந்தான். "எல்லோரும் சொன்னாங்கன்னு சொன்னேன். என்ன சொன்னேன்னுகூடத் தெரியாது. அதுவும் பொய்." பல் போன கிழவர் ஒருவர் வந்தார். "எனக்குப் பொரி மெல்லவே முடியாது. சும்மா கிடைக்குதேன்னு வாழ்த்தினேன். பொய்தான்." முந்நூறு வீடும் வந்து போவதற்கு மறுநாள் காலை ஆயிற்று. கதவின் கீழ்ப்பாதி கல்லாக இறுகியது.

மேல்பாதி அப்படியே தொளதொளத்தது. அது மேட்டுநகர்க்காரர்கள் புகழ்ந்த பாதி. அரசர் வாயால் சொல்லாமல் அவர்களில் ஒருவரும், புலவர்கூட, சொல்லத் துணியவில்லை.

"ராசா வரணும்" என்றான் குறடன்.

இன்பவளவன் பல்லக்கில் வந்தான். கரைமேல் பந்தல் போட்டார்கள். சொல்ல வேண்டியது மூன்று சொல். "நான் சொன்னது பொய்." பால் மறக்காத பிள்ளைகூடச் சொல்லிவிடும். ஆனால் கூட்டம் பார்த்துக்கொண்டிருந்தது.

முதலில் திரை போடச் சொன்னான். திரைக்குப் பின்னால் நின்று ஏதோ முணுமுணுத்தான். பக்கத்தில் நின்ற தேனப்பருக்கே கேட்கவில்லை. கதவுக்கு எப்படிக் கேட்கும்?

"சத்தமாச் சொல்லணும் ராசா" என்றான் குறடன்.

இரண்டாவது முறை ஓர் ஓலை எழுதி வந்தது. தேனப்பர் அதை உரக்க வாசித்தார். அரசர் பெருமான் முன்னொரு நாளில் பெருங்கருணையால் அருளிய சொற்களில் சில, சிலரால் தவறாக எழுதிக்கொடுக்கப்பட்டவை என்று அரசர் சார்பில் இதனால் அறிவிக்கப்படுகிறது, என்று போயிற்று அந்த ஓலை. கதவு மேலும் இரண்டு விரல் சரிந்தது. நடுவில் வந்த பெருங்கருணை அதன் காதில் விழுந்துவிட்டது.

குறடன் அரசனின் முகத்தைப் பார்த்தான். எத்தனையோ காலம் கதவின் குறையைப் பார்த்துப் பழகிய கண். அவனுக்குத் தெரிந்துவிட்டது. தும்பையாளை ஓரமாகக் கூப்பிட்டான்.

"இவன் சொல்ல மாட்டான். நீங்க இறுக்கின கீழ்ப்பாதி பொழுது சாயற வரைக்கும் தாங்கும். பிள்ளை குட்டி, ஆடு மாடு, நடக்க முடியாதவங்க, எல்லாரையும் கூட்டிக்கிட்டு மேட்டுநகருக்கு ஏறுங்க. அவங்க நகர வாசல் கதவை அடைச்சா உடைங்க."

மாயக்கா தாழ்நகருக்குள் இறங்கினாள். ஒவ்வொரு வீட்டு வாசலிலும் நின்று, "இங்கே நின்னுதானே எங்களை வேடிக்கை பாத்தீங்க, இப்ப நடங்க" என்று சொல்லிச் சொல்லி ஆளைக் கிளப்பினாள். நடக்க முடியாத கிழவியை முதுகில் சுமந்துகொண்டும் அதையேதான் சொன்னாள். கடைசி வீட்டின் கடைசி ஆடு மேடு ஏறும்போது வெயில் தாழ்ந்திருந்தது. மேட்டுநகரின் பூந்தோட்டங்களில் பானைகளும் தறிகளும் ஆட்டுப் புழுக்கையும் பரவின. அங்கே இருந்த பெரிய மனிதர்கள் மூக்கைப் பிடித்துக்கொண்டார்கள். இருந்தாலும் ஆள் தப்பியது.

மூன்றாவது முறை இன்பவளவன் பந்தலிலிருந்து கரை விளிம்புக்கு வந்து கதவுக்கு நேரே நின்றான். திரை இல்லை. ஓலை இல்லை. இந்தத் தடவை மெய்யாகவே சொல்லிவிட வேண்டும் என்றுதான் வந்தான் என்று நினைக்கிறேன். அவனுக்காக நான் சொல்லக்கூடிய நல்ல வார்த்தை இது ஒன்றுதான்.

"நான்" என்றான்.

நிறுத்தினான். குறடனைப் பார்த்தான். மேட்டில் நின்ற கூட்டத்தைப் பார்த்தான். நாக்கு புரளவில்லை. பிறந்தது முதல் ஒரே பக்கமாகப் புரண்ட நாக்கு அது.

"நான் ஏதாவது தவறாகச் சொல்லியிருந்தால், என் கதவே, உன்னைப் போலப் பெருந்தன்மை உள்ள கதவு உலகத்தில் வேறு எது? நீயே பொறுத்துக்கொள்ள மாட்டாயா?" என்றான்.

மேல்பாதி நெய்யாகி வழிந்தது.

ஏரி எழுந்து அதன்மேல் பாய்ந்தது. கீழ்ப்பாதி முறியும் சத்தம் மேட்டுநகர் வரைக்கும் கேட்டது. தாழ்நகரின் முந்நூறு வீடும் சூளையும் தறிமேடையும் துவைகல்லும் கண்ணெதிரே போயின. ஒரு மனித உயிர் போகவில்லை. தும்பையாள் மேட்டில் நின்று தன் வீடு இருந்த இடத்தைப் பார்த்தாள். அழுதாள். அவள் பக்கத்தில் குறடன் வந்து நின்றான். ஆறுதல் சொல்ல அவனுக்குத் தெரியாது.

கரை இடிந்தபோது பந்தலும் சரிந்து, அரசனும் அமைச்சரும் வற்றிக்கொண்டிருந்த ஏரிப் பக்கம் உருண்டு விழுந்தார்கள். தண்ணீர் முழுக்க ஓடி முடிந்த பிறகு பார்த்தால், ஏரியின் நடுச் சேற்றில் இன்பவளவன் இடுப்பளவு புதைந்து உட்கார்ந்திருந்தான். கிரீடம் இல்லை. மீசையில் பாசி. பக்கத்தில் தேனப்பர், அவரும் சேற்றில்.

அரசன் சுற்றிலும் பார்த்தான். பரந்த ஏரியில் ஒரு குடம் தண்ணீர் இல்லை. மீன்கள் துடித்துக்கொண்டிருந்தன. அந்த நேரத்தில் அவனுக்கு உறைத்திருக்கும் போலத்தான் இருந்தது. இன்னும் ஒரு கணம் சும்மா விட்டிருந்தால் உறைத்திருக்கும்.

தேனப்பர் வாயிலிருந்த சேற்றைத் துப்பினார். கை கூப்பினார்.

"மகாராஜா, இத்தனை பெரிய ஏரி, தங்கள் பாதத்தைத் தொட்டு விடைபெற்றுக்கொண்டு போயிருக்கிறது. இந்தப் பேறு எந்த அரசருக்குக் கிடைத்தது?" என்றார்.

இன்பவளவன் கொஞ்சம் யோசித்தான். பிறகு, சேற்றில் உட்கார்ந்தபடியே, முகம் மலர்ந்து சிரித்தான்.

மேட்டிலிருந்து மாயக்கா அதைப் பார்த்தாள். "சிரிக்கிறான் பாரு" என்றாள். குறடன் பார்க்கவில்லை. அவன் நடக்கத் தொடங்கியிருந்தான். அவன் பின்னால் தாழ்நகர் முழுவதும் நடந்தது, எதிரொலி இல்லாத மலைக்கு அந்தப் பக்கம், ஒரு சின்ன ஓடையும் பள்ளத்தாக்கும் இருந்த இடத்துக்கு. போகிற வழியெல்லாம் அவன் அவர்களைத் திட்டிக்கொண்டேதான் போனான். யாரும் காதைப் பொத்திக்கொள்ளவில்லை.

இன்பவளவன் தண்ணீரில்லாத மேட்டுநகரில் இன்னும் இரண்டு வருஷம் ஆண்டான். தேனப்பர் ஆறாவது மாதமே, ஏரி நிறைந்த வேறொரு நாட்டுக்கு அமைச்சராகப் போய்விட்டார்.

கேட்டுக்கொள்ளுங்கள்: குறையைச் சொல்லுகிற வாயை ஊரைவிட்டுத் துரத்துகிறவன், தன்னைக் காக்கிற கதவைத் தன் கையாலேயே கரைத்துவிடுகிறான்.